எழுத்தில் வந்த பேர்

திம்மராயன் செத்துப்போவதைப் பூவம்மாள் பதினோரு தடவை பார்த்திருக்கிறாள். கத்திக்குத்துப் பட்டு, விஷம் குடித்து, மகன் கைவிட்ட துக்கத்தில் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு, ஒரு தடவை யானை மிதித்து. யானையை மேடையில் காட்ட முடியாது. திரைக்குப் பின்னால் பிளிறல் மட்டும் கேட்கும். இவன் தள்ளாடி வந்து விழுவான். கல்யாணமான வருஷம் ஓசூர்த் திடலில் முதல்முறையாக அவன் செத்தபோது, பூவம்மாள் எழுந்து நின்று கூவிவிட்டாள். கூட்டம் திரும்பிப் பார்த்துச் சிரித்தது. அப்புறம் பழகிவிட்டது. புருஷன் விழுகிற இடத்தில் ஆணி கீணி கிடக்கிறதா என்று மட்டும் பார்ப்பாள்.

ஒன்பது வயதில் கிருஷ்ணகிரியில் முகாம் போட்டிருந்த பாய்ஸ் நாடகக் கம்பெனியில் சேர்ந்தவன் அவன். மெல்லிசான குரல் என்பதால் முதலில் பெண் வேஷம். தோழி, தாதி, அழுகிற தாய். பதினைந்தில் குரல் உடைந்ததும் மந்திரி, வைத்தியன், வாயிற்காவலன், பிச்சைக்காரன், பெண்ணைக் கொடுக்க மறுக்கிற மாமனார். ராஜா வேஷத்துக்கு உயரம் போதாது, கோமாளி வேஷத்துக்கு முகம் போதாது என்று கம்பெனி முதலாளி சொல்லிவிட்டார். ஆனால் யாருக்காவது காய்ச்சல் வந்தால் அந்த வேஷத்துக்கு அன்றைக்கே ஆள் இவன்தான். எல்லார் பாடமும் மனப்பாடம். ஓசூரில் தெலுங்கு, ஆனேக்கல்லில் கன்னடம், தர்மபுரிக்கு இந்தப் பக்கம் தமிழ். மூன்றிலும் பிசிறில்லாமல் பேசுவான். கம்பெனி நோட்டீஸில் மட்டும் ஒருநாளும் அவன் பேர் வந்ததில்லை. கடைசி வரியில் 'மற்றும் பலர்' என்று போட்டிருக்கும். அந்த வரியில் விரலை வைத்து, "இதுதான் நான்" என்று காட்டுவான். பூவம்மாளுக்கு எழுத்துத் தெரியாது. ரொம்ப நாள் அதுதான் அவன் பேர் என்று நினைத்திருந்தாள்.

உலகச் சண்டைக் காலத்தில் கம்பெனி கலைந்தது. அதற்குப் பிறகு சேலத்து ஸ்டுடியோ, பெங்களூர், மெட்ராஸ் என்று சினிமாவுக்கு அலைந்தான். ஈட்டி பிடித்து நிற்பான். நாடி பிடித்துப் பார்த்து உதட்டைப் பிதுக்குவான். ஊர்வலத்தில் நடப்பான். வருஷத்தில் பத்து மாதம் வீடு தங்கமாட்டான். பாரூர் ஏரிக் கால்வாய் ஓரம் கால்வாய்ப்பட்டியில், இருந்த முக்கால் காணியையும் கூலி வேலையையும் பார்த்துக்கொண்டு ஒரே மகள் ராஜாத்தியை வளர்த்துக் காவேரிப்பட்டினத்தில் கட்டிக்கொடுத்தவள் பூவம்மாள்தான். நாற்று நடுவது, களை எடுப்பது, கரும்புச் சோகை உரிப்பது, மாசி வந்தால் புளி தட்டுவது. அவள் கை சும்மா இருந்து யாரும் பார்த்ததில்லை.

படம் காவேரிப்பட்டினம் டெண்டுக் கொட்டாய்க்கு வரும்போது ஊரே வண்டி கட்டிக்கொண்டு போகும். திரையில் ராஜா பேசுவார், ராணி அழுவாள். ஊர்க்காரர்களுக்கு அதெல்லாம் கண்ணில் படாது.

"தோ, தூணுக்குப் பின்னால!"

"எங்கடா?"

"போச்சு, போயிட்டான்."

பெரும்பாலும் முதுகுதான் தெரியும். 'முதுகுத் திம்மராயன்' என்று ஊரில் பேர் ஆகிவிட்டது. கூப்பிட்டால் சிரித்துக்கொண்டே திரும்புவான். வீட்டுக்குள் வந்ததும் முகம் வேறாகிவிடும். அது பூவம்மாளுக்கு மட்டும் தெரியும்.

அந்த வருஷம் தை மாதம், பனி இன்னும் விலகாத ஒரு காலையில் கால்வாய்க் கரை மேல் ஒரு கார் வந்து நின்றது. கம்பளிக் கோட்டுப் போட்ட ஆள் ஒருவர் இறங்கி, "டேய் தாதி!" என்று கூப்பிட்டார். கங்கப்பன். பாய்ஸ் கம்பெனியில் ஒரே பாயில் படுத்து ஒரே தட்டில் தின்றவன். வேஷம் கட்டுவதைப் பத்து வருஷத்துக்கு முன்பே விட்டுவிட்டு, மெட்ராஸில் ஒரு படக் கம்பெனிக்கு மேனேஜராகப் போயிருந்தான். பஞ்சத்தைப் பற்றி ஒரு படம் எடுக்கிறார்களாம். ஏரிக்கரை, புளியந்தோப்பு, நிஜமான சனங்கள் எல்லாம் வேண்டுமாம்.

பூவம்மாள் களி கிண்டி, பிதுக்குப் பருப்புச் சாறு ஊற்றினாள். முதல்நாள் ராத்திரியே ஊறவைத்துப் பிதுக்கி வைத்திருந்த அவரைக்கொட்டை. கங்கப்பன் கோட்டைக் கழற்றிவிட்டு உட்கார்ந்து மூன்று உருண்டை சாப்பிட்டான்.

"தங்கச்சி, இந்தச் சாறு மெட்ராசுல எந்தச் சீமானுக்கும் கெடைக்காது."

"அது கெடக்கட்டும்ணா. இந்த மனுசனுக்கு ஒரு நல்ல வேசம் குடுங்க. சுத்துப்பட்டுல அல்லாரும் முதுகு முதுகுங்கறாங்க. கேக்க எனக்கே கூசுது."

கங்கப்பன் கையை நக்கிக்கொண்டே திம்மராயனைப் பார்த்தான். "வேசம் என்னா தங்கச்சி, ஊர்ப் பெரியவரு அவன்தான். ரெண்டு பக்கத்துக்கு வசனம். பஞ்சத்துல சனங்க ஊர வுட்டுக் கெளம்பறப்ப, ஏரியப் பாத்துப் பேசறான். படத்துக்கே உசுரு அதான். படம் தொடங்கறப்ப ஓடற எழுத்துலயும் பேரு வரும். பெரிய எழுத்துல, தனியா."

"சத்தியமா?"

"நீ போட்ட சோத்து மேல சத்தியம்."

திம்மராயன் எழுந்து பின்பக்கம் போனான். தொட்டித் தண்ணீரை அள்ளி முகத்தில் அடித்துக்கொள்கிற சத்தம் கேட்டது.

இரண்டு நாள் படம் பிடித்தார்கள். புளியந்தோப்பில் ஊர்ச்சனம் முழுதும் மூட்டை முடிச்சோடு நின்றது. வெளியில் எடுக்கும்போது படம் மட்டும்தான் விழும், பேச்சை அப்புறம் மெட்ராஸில் போய்ச் சேர்த்துக்கொள்வார்கள் என்று கங்கப்பன் விளக்கினான். சத்தம் விழாவிட்டாலும் திம்மராயன் அந்த இரண்டு பக்கத்தையும் முழுத் தொண்டையில் பேசினான். மாடு மேய்த்தவர்கள் எல்லாம் கிட்டே வந்து நின்று கேட்டார்கள். "யப்பா, முதுகுக்கு இவ்வளவு பெரிய வாயா" என்று ஒருத்தன் சொன்னான். சொன்னவன் கண்ணும் கலங்கித்தான் இருந்தது.

இரண்டாம் நாள் சாயங்காலம் டைரக்டர் ஒன்று கேட்டார். கூட்டத்தில் ஒருத்தி அழவேண்டும். பொய் அழுகை வேண்டாம். மெட்ராஸிலிருந்து கூட்டிவந்த பெண் கிளிசரின் போட்டு அழுதது அவருக்குப் பிடிக்கவில்லை. திம்மராயன் கூட்டத்தை ஒரு சுற்றுப் பார்த்துவிட்டு, "செல்லி, வாம்மா" என்றான்.

செல்லி பக்கத்து வீட்டுக்காரி. பூவம்மாளோடு வேலைக்கு வருகிறவள். வயது முப்பதுகூட ஆகாது. இரண்டு வருஷத்துக்கு முன் கிணறு வெட்டுகிற இடத்தில் பாறைக்கு வைத்த தோட்டா வெடித்து அவள் புருஷன் முனிவேல் போய்ச் சேர்ந்தான். ஆளை அள்ளித்தான் கொண்டுவந்தார்கள். அன்றைக்குச் செல்லி அழவில்லை. தாலி அறுக்கும்போதும் அழவில்லை. கல்நெஞ்சுக்காரி என்று பொம்பளைகள் பேசினார்கள். அவளே ஒருநாள் களை எடுக்கும்போது பூவம்மாளிடம் சொன்னாள்: "அழுவ வரலக்கா. தொண்டையில ஒரு களி உருண்ட நிக்கற மாதிரி இருக்குது. எறங்கவும் மாட்டேங்குது, வெளிய வரவும் மாட்டேங்குது."

திம்மராயன் அவளைக் காமிராவுக்கு முன்னால் உட்காரவைத்து, தானும் எதிரே குத்துக்காலிட்டு உட்கார்ந்தான். மெதுவாகப் பேசினான். பக்கத்தில் நின்ற பூவம்மாளுக்கே பாதிதான் காதில் விழுந்தது. "முனிவேலு கடப்பாரைய தோள்ல வெச்சிக்கினு போறான் பாரு. கால்வாயத் தாண்டிட்டான். திரும்பி உன்னப் பாக்கறான். கூப்புடு. இப்ப கூப்புட்டா நின்னுடுவான். கூப்புடு செல்லி."

செல்லி வாயைத் திறந்தாள். முதலில் காற்று மட்டும் வந்தது. அப்புறம் வந்த சத்தத்தில் தோப்பிலிருந்த காக்கை அத்தனையும் கிளம்பிப் போயிற்று. மண்ணில் அறைந்து அறைந்து அழுதாள். காமிரா நின்ற பிறகும் அவள் நிற்கவில்லை. பொம்பளைகள் ஓடிப்போய்ச் சுற்றிக் கட்டிக்கொண்டு, எல்லாருமாக அழுது முடித்தபோது வெளிச்சம் போய்விட்டது.

மறுநாள் செல்லி ஒரு சொம்பு மோர் கொண்டுவந்து திம்மராயனிடம் கொடுத்தாள். "நெஞ்சு லேசாயிருச்சு மாமா. ரெண்டு வருசத்துக்கு அப்பறம் நேத்துத்தான் தூங்கனேன்."

திம்மராயன் மோரை இரண்டு கையாலும் வாங்கிக் குடித்தான். புருஷனைப் பற்றி அவ்வளவு பெருமை பூவம்மாளுக்கு அதற்கு முன் வந்ததில்லை.

சித்திரையில், குரல் கொடுக்க வரச்சொல்லி மெட்ராஸிலிருந்து கடுதாசி வந்தது. கோடிவேட்டி கட்டிக்கொண்டு போனான். போகிற வழியெல்லாம் அந்த இரண்டு பக்கத்தைச் சொல்லிக்கொண்டே போனான். ஆறாம் நாள் திரும்பி வந்தபோது, "எப்பிடி ஆச்சு?" என்று கேட்டதற்கு, "ஆச்சு" என்றான். களியைத் தொட்டுவிட்டு எழுந்துகொண்டான். அலைச்சல் என்று பூவம்மாள் நினைத்தாள். அந்த வருஷம் அவன் வேறு எங்கும் போகவில்லை. ஆடியில் ஏர் ஓட்டினான், கார்த்திகையில் ராகி அறுத்தான். செல்லி எதிரே வந்தால் மட்டும் கால்வாய்ப் பக்கம் இறங்கிப் போய்விடுவான். அதையும் பூவம்மாள் பெரிதாக நினைக்கவில்லை.

மாசியில் தப்படித்துக்கொண்டு நோட்டீஸ் வண்டி வந்தது. பஞ்சப் படம் காவேரிப்பட்டினம் கொட்டாய்க்கு வந்துவிட்டது. ஊர் ஒட்டுக்காக் கிளம்ப நின்றது.

"டவுனுல அம்மை பரவுதாம், போவாதீங்க" என்றான் திம்மராயன்.

"போன வாரந்தான் சந்தைக்குப் போனோம், ஒண்ணையும் காணமே."

"படம் நல்லா வரலப்பா."

"உம்பேரு வருதில்ல? அது போதும் போ."

செல்லி கல்யாணத்துக்குப் போகிறவள் மாதிரி தலை வாரிக்கொண்டு வந்தாள். "நான் அழுததப் பாக்கணும்க்கா. எப்பிடி அழுதேன்னு எனக்கே தெரியல. முனிவேலுக்கு அழுதான்னு ஊரும் பாக்கட்டும்."

திம்மராயன் வேறு வழியில்லாமல் கடைசி வண்டியில் ஏறினான்.

டெண்டில் பொம்பளைகள் பக்கம் தனி. நடுவில் இடுப்பு உயரத்துக்கு ஒரு மண்சுவர். மணலைக் குவித்து மேடாக்கி உட்கார்ந்துகொண்டார்கள். விளக்கு அணைந்து எழுத்து ஓட ஆரம்பித்தது. அஞ்சாவது படிக்கிற முனிலட்சுமி ஒவ்வொரு பேராகச் சத்தம்போட்டு வாசித்துக்கொண்டே வந்தவள், "திம்-ம-ரா-யன்!" என்று கத்தினாள்.

ஆம்பளைகள் பக்கம் விசில் கிளம்பியது. துண்டுகள் பறந்தன. வெள்ளைத் துணியில் பட்டை பட்டையாக நின்ற அந்த எழுத்துகளைப் பூவம்மாள் பார்த்தாள். வாசிக்கத் தெரியாவிட்டாலும் அது 'மற்றும் பலர்' இல்லை என்று தெரிந்தது. முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள்.

படம் ஓடியது. ஊர்வலம் கிளம்பியது, புளியந்தோப்பு வந்தது, ஏரி வந்தது. ஊர்ப் பெரியவர் வரவில்லை. வருவார் வருவார் என்று பார்த்துக்கொண்டே இருந்தார்கள். அதற்குப் பதிலாகக் குண்டு ஒருத்தனும் ஒல்லி ஒருத்தனுமாக இரண்டு திருடர்கள் வந்தார்கள். வேலி தாண்டினார்கள், விழுந்தார்கள், ஒரு கோழியைப் பிடித்துச் சட்டைக்குள் விட்டுக்கொண்டு ஓடினார்கள். கொட்டாய் சிரிப்பில் அதிர்ந்துகொண்டிருந்தபோது திரை முழுக்கச் செல்லியின் முகம் வந்தது.

அதே முகம். அதே தோப்பு. மண்ணில் அறைகிற அதே கை. வாய் திறந்தது.

"ஐயையோ, என் கோழி போச்சே! ஏழு முட்ட வெச்சுதே! கொண்ட செவப்பா இருக்குமே! கொக்-கொக்-கொக்குனு கூப்புடுமே!"

கீச்சுக் குரல். ஒவ்வொரு அறைக்கும் ஒரு டமார மேளம். கொட்டாயே விழுந்து விழுந்து சிரித்தது. கால்வாய்ப்பட்டிக்காரர்களும் முதலில் சிரித்தார்கள். யார் என்று தெரிந்த பிறகுதான் ஒவ்வொருவராக நிறுத்தினார்கள். சிலரால் நிறுத்தவும் முடியவில்லை.

'போச்சே' என்று இழுக்கிற இடத்தில் குரல் மேலே போய், ஒரு வெட்டு வெட்டிக் கீழே இறங்கியது. அந்த வெட்டைப் பூவம்மாளுக்குத் தெரியும். கல்யாணமான புதிதில், மாமியாருக்குத் தெரியாமல் அவளைச் சிரிக்கவைக்க, முக்காடு போட்டுக்கொண்டு பொம்பளைக் குரலில் அழுது காட்டுவான் திம்மராயன்.

செல்லி அவள் கையைப் பிடித்தாள். விரல் ஜில்லென்று இருந்தது.

"அக்கா, அது நான்தானே?"

"ஆமா."

"நான் கோழின்னு சொல்லலியேக்கா."

படம் முடிகிறவரைக்கும் செல்லி அப்படியே திரையைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். திரும்பும்போது வண்டியில் ஏறவில்லை. முன்னால் நடந்துபோனாள். வண்டிக்காரன் மாட்டை விரட்டாமல் அவள் பின்னாலேயே ஓட்டிக்கொண்டு வந்தான்.

காலையில் பூவம்மாள் புளியைக் கொட்டி வைத்துக்கொண்டு உட்கார்ந்தாள். கட்டையால் ஒவ்வொன்றாகத் தட்டி, ஓட்டை உதிர்த்து, நாரை இழுத்து, கொட்டையைத் தள்ளினாள். திம்மராயன் வேப்பங்குச்சியோடு கிணற்றுப் பக்கமிருந்து வந்தான்.

"அது உன் கொரலு" என்றாள் தலை நிமிராமல்.

அவன் நின்றான். "எந்தக் கொரலு?"

"என்கிட்ட நடிக்காத. இருவத்தேழு வருசம் ஆச்சு."

குச்சியை வீசிவிட்டு அவள் எதிரே உட்கார்ந்தான். புளி ஓடு ஒன்றை எடுத்துக் கிள்ளினான்.

"என் பேச்ச ஒட்டுக்கா வெட்டிட்டாங்க பூவு. ஒரு வரிகூட மிச்சமில்ல. படம் நீளமாப் போச்சாம், சனங்களுக்குச் சிரிப்பு வேணுமாம். நான் போயி நின்னதுக்கப்பறந்தான் கங்கப்பன் சொல்றான். எழுத்துல உம்பேரு எழுதியாச்சு, ஆனா ஆளே இல்லாத படத்துல பேரு என்னாத்துக்குன்னு மொதலாளி கேக்கறாருன்னான். பொம்பள கொரலுக்கு வரவேண்டியவ வரல, நீ தாதி வேசம் கட்டுனவன்தானே, இத மட்டும் குடுத்துடு, உம்பேரு நிக்கும்னான்."

"செல்லியோட மொகத்தக் காட்டிட்டுத்தான் கேட்டானா?"

"ஆமா."

"அவ எதுக்கு அழுதான்னு சொன்னியா?"

அவன் இன்னொரு ஓட்டை எடுத்தான்.

"கேக்கறனில்ல?"

"சொல்லணும்னுதான் வாயத் தொறந்தேன். முப்பத்தெட்டு வருசம் பூவு. செத்துச் செத்து எழுந்திருச்சேன். மத்தவன் பாடத்த அல்லாம் மனசுல வெச்சிக்கினு, எவனுக்குக் காய்ச்சல் வரும்னு காத்திருந்தேன். ஒரு தடவ, ஒரே ஒரு தடவ அந்தத் துணியில எம்பேரு நின்னாப் போதும்னு..." கையிலிருந்த ஓட்டை எறிந்தான். "திருப்பித் திருப்பி அவ மொகத்தப் போட்டாங்க. வாய்க்கும் கொரலுக்கும் பொருந்தணுமில்ல. நாலு தடவ தப்பாப் போச்சு. அஞ்சாவது தடவதான் சரியா வுழுந்துச்சு."

பூவம்மாள் கட்டையைக் கீழே வைத்தாள். அந்தக் கடைசி வாக்கியத்தில், அவனுக்கே தெரியாமல், வேலை நன்றாக அமைந்த திருப்தி ஒரு இணுக்கு இருந்தது. கோபத்தைவிட அதுதான் அவளைச் சுட்டது.

"பத்து மாசமா இத வயித்துல வெச்சிக்கினுதான் என் கையால சோறு தின்னியா?"

"எப்பிடிச் சொல்றது?"

"எழுந்திரு. அவகிட்டப் போயிச் சொல்லு."

"நீ சொல்லேன் பூவு. பொம்பளைக்குப் பொம்பள."

"கூவுனது நானா?"

செல்லி வாசலில் ராகி புடைத்துக்கொண்டிருந்தாள். கண் வீங்கியிருந்தது. இவர்களைப் பார்த்ததும் முறத்தை நிறுத்தாமலே, "வாங்கக்கா" என்றாள். எதிர்வீட்டு வாசலில் நாராயணம்மாவும் வேறு இரண்டு மூன்று பொம்பளைகளும் புளி தட்டிக்கொண்டிருந்தார்கள்.

திம்மராயன் துண்டைக் கையில் எடுத்துக்கொண்டான். "அம்மா செல்லி... விதி செஞ்ச கொடுமையில, அறியாத இந்தப் பாவி..."

மகன் கைவிட்ட தகப்பனின் குரல். பூவம்மாள் நாலு ஊரில் கேட்டது.

"மாமா" என்றாள் செல்லி. "நாடகத்துல பேசறாப்புல பேசாத. என்னா விசயம்?"

அவன் தொண்டையைச் செருமிக்கொண்டான். மறுபடி ஆரம்பித்தான். "தப்பு நடந்துபோச்சு. மனுசன்னா..." இப்போது வைத்தியன். அவனுக்கே அது கேட்டுவிட்டது போலிருக்கிறது. நிறுத்திவிட்டான். வியர்த்தது. அத்தனை வேஷத்துக்கும் குரல் வைத்திருந்தவனுக்கு இதைச் சொல்ல ஒன்று அகப்படவில்லை. கடைசியில் குனிந்து தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னான்.

"அந்தக் கோழிக் கொரலு நான்தான் குடுத்தேன்."

முறம் நின்றது. எதிர்வீட்டில் புளி தட்டுகிற சத்தமும் நின்றது.

"எங்க வெச்சு?"

"மெட்ராசுல. ஒரு இருட்டு ரூம்புல."

"என்னப் பாத்துக்கினேவா?"

"ஆமா."

செல்லி முறத்தைக் கீழே வைத்துவிட்டுக் கைமேல் கை கட்டிக்கொண்டாள். "இப்பக் கூவு."

"என்னா?"

"நேத்துக் கூட்டத்துல சரியாக் கேக்கல. சிரிப்புச் சத்தம். இப்பக் கூவு, கேக்கறேன்."

"வேணாம் செல்லி."

"மெட்ராசுக்காரன் கேட்டாக் கூவுவ, நான் கேட்டா மாட்டியா?"

அவன் பூவம்மாளைப் பார்த்தான். பூவம்மாள் வேலியைப் பார்த்தாள். அவன் கண்ணை மூடிக்கொண்டு வாயைத் திறந்தான். 'ஐயையோ, என் கோழி போச்சே.' பட்டப்பகலில், நரைத்த மீசைக்கு அடியிலிருந்து, அந்தக் கீச்சுக் குரல் வந்தது. ஏழு முட்டையும் வந்தது, சிவப்புக் கொண்டையும் வந்தது. நாராயணம்மாவின் பேத்தி களுக்கென்று சிரித்துவிட்டாள். நாராயணம்மா அவள் வாயைப் பொத்தினாள்.

செல்லி கடைசிவரைக்கும் கேட்டாள்.

"முனிவேலு செத்தப்ப எனக்கு அழுவ வரல" என்றாள் பிறகு. குரலில் கோபம்கூட இல்லை. "நீதான் வர வெச்ச. எனக்கு யாரும் அப்பிடி ஒரு நல்லது செஞ்சதில்ல மாமா. அத நீயே எடுத்துக்கினு போயிட்டியே. இனிமே அவன நெனச்சா எனக்கு அந்தக் கோழிதானே வரும்?"

"செல்லி..."

"அங்க ஒரு வார்த்த சொல்லியிருக்கலாமில்ல? கோழி இல்லய்யா, அவ புருசன்னு."

"சொன்னாலும் கேட்டிருக்கமாட்டாங்கம்மா. ஒண்ணும் ஆயிருக்காது."

"ஒண்ணும் ஆயிருக்காது. ஆனா நீ சொல்லியிருப்ப."

அவ்வளவுதான். முறத்தை எடுத்துக்கொண்டு உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள்.

அந்தப் படம் காவேரிப்பட்டினத்தில் இருபது நாள் ஓடியது. அதற்குள் அவளுக்குக் 'கோழிச் செல்லி' என்று பேர் விழுந்துவிட்டது. சந்தையில், கரும்புக் காட்டில், கால்வாய்க் கரையில் எவனாவது கொக்-கொக் என்பான். ஒருநாள் தண்ணீர் எடுக்கிற இடத்தில் அப்படிக் கூவிய ஒருத்தனைப் பூவம்மாள் கயிற்றாலேயே அடித்தாள். செல்லி திரும்பிப் பார்க்காமல் குடத்தைத் தூக்கிக்கொண்டு போனாள். பூவம்மாளிடம் முகம் கொடுத்துப் பேசுவதை அவள் நிறுத்தியிருந்தாள். நல்லதா என்றால் நல்லது என்பாள். வேலைக்குப் போறியா என்றால் ஆமா என்பாள். பூவம்மாளால் அதைக் குற்றம் சொல்லவும் முடியவில்லை. தானும் அந்த வீட்டுக்காரிதானே என்று இருந்தது. பங்குனி பிறந்ததும் செல்லி வீட்டைப் பூட்டிக்கொண்டு, கிருஷ்ணகிரிக்கு அந்தப் பக்கம் கல் சுமக்கிற வேலைக்குப் போனாள். அங்கே சேர்ந்திருந்தவர்கள் பாதிப்பேர் கன்னடக்காரர்கள். அவளைத் தெரிந்தவர்கள் இல்லை.

அவள் போன மறுவாரம் கங்கப்பனிடமிருந்து கடுதாசி வந்தது. திம்மராயன் வாசலில் நின்றே வாசித்தான். இரண்டாம் தடவை உள்ளே வந்து சத்தமாக வாசித்தான். புதுப்படம். கதாநாயகிக்குத் தகப்பன். நாலு சீன். கோழிக் குரலைக் கேட்டுவிட்டு, 'யாருய்யா அது, கெட்டிக்காரன்' என்று பெரிய முதலாளி ஒருத்தர் விசாரித்தாராம். உடனே புறப்பட்டு வரவேண்டியது. எழுத்தில் பேர் நிச்சயம்.

பூவம்மாள் அடுப்பில் கொள்ளு வறுத்துக்கொண்டிருந்தாள்.

"என்னா சொல்ற?" என்றான்.

"எனக்கு என்னா தெரியும். பேரு உன்னுது."

"போவாம இங்க இருந்து என்னா பண்றது? வெளிய தல காட்ட முடியல. நீயும் பேசமாட்டேங்கற."

"பேசிக்கினுதான இருக்கறேன்."

"போறதுல என்னா கெட்டது பூவு? அவனுங்க செஞ்சதுக்கு நான் காலம்பூரா மூலையில உக்காரணுமா? இந்தத் தடவ நல்ல வேசம். தகப்பன். பெத்த பொண்ணுக்காக அழறான்."

அவள் கரண்டியால் கொள்ளைப் புரட்டினாள். ஒன்றிரண்டு வெடித்துத் தெறித்தது.

மறுநாள் விடிந்ததும் பெட்டியைக் கட்டினான். அரிதாரச் சிமிழ், சின்னக் கண்ணாடி, இரண்டு வேட்டி. கோடிவேட்டியைக் கட்டிக்கொண்டு வாசலுக்கு வந்தான். கிருஷ்ணகிரி பஸ் கால்வாய்ப் பாலத்துக்கு ஏழு மணிக்கு வரும். பூவம்மாள் வாசல் கூட்டிக்கொண்டிருந்தாள். இருபத்தேழு வருஷமாக எத்தனையோ தடவை புறப்பட்டுப் போயிருக்கிறான். பத்து மாதம் வராமல் இருந்திருக்கிறான். ஒரு தடவைகூட அவள் பாலம்வரைக்கும் வராமல் இருந்ததில்லை.

"வர்றேன்" என்றான்.

பூவம்மாள் விளக்குமாற்றை நிறுத்தி நிமிர்ந்தாள். அவன் முகத்தை நேராகப் பார்த்தாள். எந்த ஊரில் எந்த வேஷத்தில் பார்த்தாலும் அவளுக்குத் தெரிந்துவிடுகிற முகம்.

"போ" என்றாள்.

அவன் நின்றான். அடுத்த சொல்லுக்காகக் காத்திருப்பது தெரிந்தது. 'போயிட்டு வா' என்பதில் பாதியைச் சொல்லிவிட்டு மீதியை மறந்துவிட்டாளோ என்பது மாதிரி அவள் வாயையே பார்த்தான். பாலத்துப் பக்கம் பஸ் ஹாரன் கேட்டது. பெட்டியை ஒரு கையிலிருந்து இன்னொரு கைக்கு மாற்றிக்கொண்டான்.

பூவம்மாள் குனிந்து, விட்ட இடத்திலிருந்து கூட்டினாள்.